பின்னட்டையில் இருந்த கதைச் சுருக்கம்

எனக்குப் பேசிய நான்காவது சம்பந்தத்தில்தான் அந்தப் பிரெஞ்சுக்காரன் குறுக்கே வந்து விழுந்தான்.

முதல் மூன்றும் தவறிப்போன காரணங்களை மறைக்க வேண்டிய வயது எனக்குத் தாண்டிவிட்டது. முதலாவது பெண்ணின் தகப்பன் உலகப் படத்தை மேசையில் விரித்து, நியூசிலாந்தைத் தேடிக் களைத்து, கடைசியில் கண்டுபிடித்தபோது, "இவ்வளவு கீழையோ?" என்று கேட்டு மடித்து வைத்துவிட்டாராம். இரண்டாவது என் புகைப்படத்தால் போயிற்று. மூன்றாவது, அதைவிட நல்லது என்று நாங்கள் தேர்ந்தெடுத்து அனுப்பிய புகைப்படத்தால் போயிற்று.

நான்காவது பெண் பாரிஸில் இருந்தாள். தமையனோடு அகதியாகப் போய், ஒரு தையல் பட்டறையில் வேலை செய்துகொண்டிருந்தாள். என் படத்தைப் பார்த்த பிறகும் அவள் வேண்டாம் என்று சொல்லவில்லை. தமையன் எழுதியிருந்தான்: "அவள் இரண்டு மூன்று கடிதம் எழுதிப் பார்த்துத்தான் முடிவு சொல்லுவாள். நாங்கள் வற்புறுத்த மாட்டோம்." நான் இருந்த நகரத்திலேயே, ஹில்ஸ்பரோவில் இருந்த என் மாமா, அம்மாவின் தம்பி, இதைப் படித்துவிட்டு எனக்கு எச்சரிக்கை விட்டார்.

"மருமோன், இதையும் குழப்பினாயெண்டா அஞ்சாவதை நான் பாக்கமாட்டன். நீ ரோமாபுரிக்குப் போய்ச் சாமியாராப் போ."

"நாங்கள் சைவம் மாமா."

"அதுதான் சொல்லுறன், அதுவும் சரிவராது."

அது எண்பத்தாறாம் ஆண்டு. நான் ஏவன்டேலில் ரயில் பாதை ஓரத்துப் பலகை வீடொன்றில் மதுரைக்காரர் ஒருவரோடு வாடகைக்கு இருந்தேன். ஒரு பெயின்ட் தொழிற்சாலையில் நிறம் ஒப்பிட்டுப் பார்ப்பது என் வேலை. நாற்பது வகை வெள்ளையைக் கண்ணால் பார்த்துப் பிரித்துச் சொல்லுவேன். மனிதர்களைப் பற்றி அப்படி ஒரு வகையைக்கூடச் சொல்ல வராது.

அவளுடைய முதல் கடிதம் வந்தது. சம்பளம் கேட்கவில்லை. சொந்த வீடா என்று கேட்கவில்லை. ஒரு பிரெஞ்சுப் பாட்டுக்காரரின் பெயரைத் தமிழிலும், பக்கத்தில் பிரெஞ்சிலும் எழுதி, "இவருடைய பாட்டுகளைக் கேட்பீர்களா? எனக்கு அது முக்கியம்" என்று முடித்திருந்தாள். அந்தப் பெயரை இங்கே எழுதப் போவதில்லை. இன்றுவரை எனக்கு அது வாயில் நுழைந்ததில்லை. எழுதினால் நீங்களும் வாசித்துக் கஷ்டப்படுவீர்கள்.

மாமாவுக்குப் போன் எடுத்தேன்.

"ஆரடா அந்த மனுசன்?"

"தெரியாது மாமா. பாட்டுக்காரனாம்."

"குடிகாரனோ?"

"அதுவும் தெரியாது."

"சரி, எனக்கு அவரெண்டா உயிர் எண்டு எழுதுவம்."

"பொய்யெல்லோ மாமா?"

"கலியாணத்துக்கு முதல் சொல்லுறதுக்குப் பேர் பொய்யில்லையடா. சம்பிரதாயம்."

எங்கள் குடும்பத்தில் சம்பந்தக் கடிதத்துக்கு ஒரு முறை உண்டு. பெரியவர் ஒருவர் வசனத்தை எழுதுவார். மாப்பிள்ளை அதைத் தன் கையெழுத்தில் பார்த்து எழுதிக் கையொப்பம் வைப்பான். என் தகப்பனின் கடிதங்களை அவருடைய பெரியப்பா எழுதினாராம். அப்பா எழுத்துக்கூட மாற்றாமல் பிரதிபண்ணியதால், 'என் தம்பி மகன் நல்ல பையன்' என்று தன்னைப் பற்றித் தானே எழுதி அனுப்பிவிட்டார். அந்த வம்சம் நான். மாமா ஊரில் பாடசாலை உப அதிபராக இருந்தவர். அவர் சொல்லச் சொல்ல நான் எழுதினேன். 'நிற்க' என்று ஒரு பந்தி. 'மேலும் நிற்க' என்று இன்னொன்று. நடுவில், அந்தப் பாடகரின் கானங்கள் என் ஓய்வு வேளைகளை அலங்கரிக்கின்றன என்ற வசனம்.

மூன்று வாரத்தில் பதில் வந்தது. எழுத்துகள் துள்ளின. "என்னால் நம்பவே முடியவில்லை. இங்கே எங்களுடைய ஆட்கள் ஒருவரும் அவரைக் கேட்பதில்லை. உங்களுக்கு எந்தப் பாட்டு விருப்பம்? அவருடைய வாழ்க்கையில் எந்தப் பகுதி உங்களைத் தொட்டது? விவரமாக எழுதுங்கோ."

மாமா கடிதத்தை வாசித்துவிட்டு மூக்குக் கண்ணாடியைக் கழற்றினார். "இது நான் படிப்பிச்ச பாடமில்லை" என்றார். அதோடு அவர் கழன்றுவிட்டார்.

அடுத்த சனிக்கிழமை குயின் ஸ்ட்ரீட்டில் ஒரு இசைத்தட்டுக் கடைக்குப் போனேன். போன நேரம் சரியில்லை. முந்தின வருடம்தான் பிரெஞ்சுக்காரர்கள் எங்கள் துறைமுகத்தில் ஒரு கப்பலுக்குக் குண்டு வைத்து மூழ்கடித்திருந்தார்கள். ஊர் முழுக்கக் கோபம். எங்கள் தெரு பேக்கரியில் நீளப் பாணின் பெயரிலிருந்து 'பிரெஞ்சு' என்ற சொல்லை மட்டும் மையால் அடித்திருந்தார்கள். இந்த நிலையில் நான் போய்ப் பிரெஞ்சுப் பாட்டு இருக்கிறதா என்று கேட்கிறேன். கல்லாவில் இருந்த பெண்மணி என்னை மேலும் கீழும் பார்த்தாள். அவர்கள் எங்களுக்கு என்ன செய்தார்கள் என்று தெரியுமா என்று கேட்டாள். நான் பிரான்ஸ் தேசத்தின் சார்பில் மன்னிப்புக் கேட்டுக்கொண்டேன். அவள் அதை ஏற்றுக்கொண்ட மாதிரித்தான் இருந்தது. கழிவு விலைப் பெட்டிக்குள் கையை விட்டு, மூலை மடங்கிய ஒரு தட்டை எடுத்துத் தந்தாள். பெயரைக் கடிதத்தோடு எழுத்தெழுத்தாக ஒப்பிட்டேன். அவரேதான்.

முன்னட்டையில் பெரிய மூக்கு, கதிரையைத் திருப்பிப் போட்டு உட்கார்ந்த ஒரு மனிதர், கையில் சிகரெட். பின்னட்டை முழுக்கப் பொடி எழுத்தில் பிரெஞ்சு.

வீட்டுக்கு வந்ததும் மதுரைக்காரர் தட்டைப் பிடுங்கிக்கொண்டார். தொலைபேசி எக்ஸ்சேஞ்சில் பொறியியலாளர். ஆனால் பட்டம் வாங்கியது சினிமாப் பாட்டில்தான் என்று அவரே சொல்லுவார். எந்தப் பாட்டின் முதல் இரண்டு நொடியைக் கேட்டாலும் படம், இசையமைப்பாளர், எழுதியவர், பாடியவர், வாயசைத்தவர், அந்த நேரம் போட்டிருந்த சட்டை எல்லாம் ஒப்பிப்பார். இப்படி ஒரு நிபுணர் வீட்டிலேயே இருக்கும்போது எனக்கென்ன கவலை என்று நினைத்தேன். என் வாழ்க்கையின் பெரிய பிழைகள் எல்லாம் இந்த வசனத்தோடுதான் தொடங்கியிருக்கின்றன.

"யோவ், இங்க பாரு. பாட்டு எழுதினவர் பேரு போட்டிருக்கு. இசை யாருன்னு போட்டிருக்கு. பாடினது யாருன்னு போட்டிருக்கு. மூணும் ஒரே பேரு."

"அச்சுப் பிழையோ?"

"பிரெஞ்சுக்காரன் அச்சுல பிழை விடமாட்டான்யா. குடும்பம்! அப்பா எழுதறாரு, மூத்த பையன் மெட்டுப் போடறான், சின்னவன் பாடறான். மூணு பேருக்கும் தாத்தா பேரு."

"அப்ப படத்திலை இருக்கிறது ஆர்?"

அவர் என்னைப் பரிதாபமாகப் பார்த்தார். "அட்டையில யாரு மூஞ்சியைப் போடுவாங்க? பாடறவன் மூஞ்சியையா? ஹீரோய்யா!"

"இந்த மூக்கோடையா, ஐசே?"

"அவங்க ஊர்ல அதான் அழகு. உனக்கு ஏன் பொறாமை?"

எங்கள் இருவருக்கும் அது மிக நியாயமாகப் பட்டது. இன்று சிரிக்கலாம். ஆனால் நாங்கள் வளர்ந்த உலகத்தில் ஒரு பாட்டு என்றால் நாலு பேர் வேலை. ஒருவர் எழுத, ஒருவர் மெட்டமைக்க, ஒருவர் மைக்கின் முன் பாட, நாலாவது ஆள் மரத்தைச் சுற்றி வந்து வாயசைப்பார். ஒரே ஆள் எழுதி, மெட்டுப் போட்டு, தானே பாடித் தன் முகத்தையும் அட்டையில் போடுவான் என்பது, ஒரே ஆள் தாலி கட்டி, மந்திரம் சொல்லி, மேளமும் அடித்தான் என்பது மாதிரி.

பின்னட்டைப் பொடி எழுத்தை என்ன செய்வது? நூலகத்தில் பிரெஞ்சு அகராதி எடுத்துவந்து, ஐந்து மாலை உட்கார்ந்து, சொல் சொல்லாகத் தோண்டினோம். துறைமுகப் பட்டினத்தில் பிறந்த பையன். தகப்பன் மீன் வலை பின்னுகிறவர், மகனோடு கதைப்பதில்லை. பையன் பாரிஸுக்கு ஓடிவந்து உணவுக்கடையில் கோப்பை கழுவுகிறான். பத்து வருடம் மற்றவர்களுக்குப் பாட்டு எழுதிக் கொடுக்கிறான். அவர்கள் புகழ் பெறுகிறார்கள். ஒருநாள் பாடவேண்டியவர் வரவில்லை. பையன் மேடையேறுகிறான். அவன் குரல் கரடு. சனம் முதலில் சிரிக்கிறது, பிறகு அழுகிறது. மனைவி பிரிந்து போகிறாள். அவன் கடற்கரை வீட்டில் ஒளிந்துகொள்கிறான். பல வருடம் சத்தமில்லை. பிறகு இந்தத் தட்டோடு திரும்பி வருகிறான்.

மதுரைக்காரர் தொடையில் தட்டினார். "கதைச் சுருக்கம்யா இது!"

எனக்கும் மின்னல் வெட்டியது. தியேட்டர் வாசலில் விற்கும் பாட்டுப் புத்தகத்தின் பின்பக்கம் படத்தின் கதையைச் சுருக்கிப் போட்டு, 'மீதியை வெள்ளித்திரையில் காண்க' என்று முடிப்பார்களே. பிரான்ஸில் அதை இசைத்தட்டிலேயே அடிக்கிறார்கள். நாகரிகமான நாடு.

"கடைசியிலை மனிசியோடை சேருறானோ?"

"அதைத்தான் போடமாட்டான்ல. காசு குடுத்துப் பாக்கணும்."

அன்று இரவே கடிதம் எழுதினோம். மதுரைக்காரர் சொல்ல நான் எழுதினேன். படத்தை நான் பார்த்துவிட்டதாகவே வைத்துக்கொண்டோம். கதாநாயகன் கோப்பை கழுவும் கட்டத்தில் என் கண்கள் குளமாயின. தகப்பனாக நடித்தவர் ஒரு வசனமும் பேசாமல் பின்னி எடுத்துவிட்டார். மூக்கு சற்றுப் பெரிதானாலும் கதாநாயகனின் வாயசைப்பு ரொம்பப் பிரமாதம். அவருக்குக் குரல் கொடுத்த அந்த இசைக் குடும்பத்துக்கு என் வணக்கங்கள். நாலாவது பாட்டை எந்த மலைப் பிரதேசத்தில் படமாக்கினார்கள் என்று அறிய ஆவல்.

கடிதத்தைத் தபாலில் போட்டுவிட்டு வந்த சந்தோஷத்தில் இருவரும் கோழிக்கறி சமைத்துச் சாப்பிட்டோம்.

அடுத்த மூன்று வாரமும் நான் அந்தத் தட்டைத் தினமும் கேட்டேன். ஆரம்பத்தில் சோதனைக்குப் படிப்பது போல. மதுரைக்காரர் இரண்டாம் நாளே எழுந்து போய்விட்டார். "சளி பிடிச்சவன் கடன்காரனைத் தேடற மாதிரி இருக்குய்யா" என்றார். எனக்கும் அப்படித்தான் இருந்தது. ஆனால் நாலாவது பாட்டு வந்ததும், நான் மலைப் பிரதேசம் என்று எழுதிய அதே பாட்டு, தேத்தண்ணீர் கையில் ஆறிப்போகும். ஒரு சொல்லும் விளங்காது. பாடுகிறவர் பாதியில் பாடுவதை விட்டுவிட்டுச் சும்மா கதைப்பார். பிறகு மூச்சு விடுவார். அந்த மூச்சையும் வெட்டாமல் தட்டில் விட்டிருந்தார்கள். இவ்வளவு கவனமில்லாத ஆட்கள் எப்படிப் படம் எடுத்தார்கள் என்று யோசித்தேன்.

பாரிஸிலிருந்து உறை வந்தது. தடித்த உறை. ஆறு பக்கம்.

"நீங்கள் எழுதியதை நான் நாலு தரம் வாசித்தேன். முதலில் சிரித்தேன். பிறகு அழுகை வந்தது. பிறகு கோபம் வந்தது. இப்போது என்ன வருகிறதென்று தெரியவில்லை. அப்படி ஒரு படமே இல்லை. நீங்கள் கதை என்று எழுதியது அவருடைய சீவியம். எழுதுவதும் மெட்டுப் போடுவதும் பாடுவதும் எல்லாம் அவர் ஒருவரே. அந்த மூக்கும் அவருடையதுதான்."

அவள் தொடர்ந்திருந்தாள். பட்டறையில் முதலாளியின் ரேடியோ நாள் முழுக்கப் பாடுமாம். மற்றவர்களின் பாட்டு ஓடுகிற ஓட்டத்தில் ஒரு சொல்லும் பிடிபடாது. இவர் மட்டும் கதைக்கிற மாதிரி, ஆறுதலாகப் பாடுவார். சட்டைக் கை தைத்துக்கொண்டே அவரிடமிருந்துதான் அவள் அந்தப் பாஷையைப் பழகினாள். "அகதி விசாரணையில் ஒப்பீசர் ஊர் நினைவு வருமா என்று கேட்டார். எனக்குச் சொந்தமாகப் பதில் சொல்லத் தெரியவில்லை. நீங்கள் மலைப் பிரதேசம் தேடிய அந்த நாலாவது பாட்டில், தகப்பன் வீட்டைப் பற்றி ஒரு வரி வரும். அதைச் சொன்னேன். ஒப்பீசர் பேனையை வைத்துவிட்டுச் சிரித்தார். அவருக்கும் அந்தப் பாட்டு தெரியும். இங்கே எங்கள் ஆட்களில் பாதிப் பேர் கோப்பை கழுவுகிறார்கள். அப்படிக் கழுவிய ஒருவர் தன் சொல்லைத் தானே சொல்லப் பத்து வருடம் எடுத்திருக்கிறார். அதனால்தான் கேட்டேன், முக்கியம் என்று."

அதோடு விட்டிருக்கலாம். விடவில்லை.

"இன்னொன்று. உங்கள் முதல் கடிதம் பள்ளிக்கூட அதிபர் எழுதியது போல இருந்தது. இரண்டாவது மெட்ராஸ் ரேடியோ போல இருந்தது. 'ரொம்பப் பிரமாதம்' என்று எங்கள் ஊரில் யார் எழுதுகிறார்கள்? கையெழுத்து மட்டும் ஒன்று. உங்களை நான் இன்னும் கேட்கவில்லை. ஒரு கசெட் அனுப்புங்கோ. நீங்களே கதையுங்கோ. அதைக் கேட்ட பிறகு அண்ணனிடம் என் முடிவைச் சொல்லுவேன்."

ஹில்ஸ்பரோவுக்குப் பஸ் பிடித்துப் போனேன். மாமா ஆறு பக்கத்தையும் படித்தார். முகத்தில் ஈயாடவில்லை.

"உப அதிபரெண்டு எழுதியிருக்கலாம்" என்றார் முதலில். பிறகு, "கசெட் அனுப்பாதை. உன்ர குரல் எனக்குத் தெரியும். சங்கூதியோடை சேந்து ஊளையிடுற நாயின்ரை குரல்."

"அனுப்பாட்டி இல்லை எண்டெல்லோ சொல்லுவாள்?"

"அனுப்பினாலும் அதைத்தான் சொல்லப்போறாள். முத்திரைக் காசாவது மிஞ்சும்."

வீட்டில் மதுரைக்காரர் வேறு யோசனை வைத்திருந்தார். தான் எழுதித் தருவார். இந்த முறை யாழ்ப்பாணத் தமிழில். 'ஓம்', 'எண்டு' எல்லாம் சரியான இடத்தில் தூவித் தருவார். ஒரு தாளில் எழுதியும் விட்டார். முதல் வரியிலேயே நாலு 'ஓம்' இருந்தது. யாகம் வளர்ப்பது போல இருந்தது.

"ஐசே, நீர் கொஞ்ச நேரம் வெளியிலை நிண்டால் என்ன?"

"மழை பெய்யுதுய்யா!"

"குடை இருக்கு."

அவர் முணுமுணுத்துக்கொண்டு குடையோடு போனார். ஞாயிற்றுக்கிழமை பின்னேரம். நான் ரெக்கோர்டரின் சிவப்புப் பொத்தானை அமத்திவிட்டு அதைப் பார்த்துக்கொண்டே இருந்தேன். என்னிடம் சொல்லுவதற்கு ஒன்றும் இருக்கவில்லை. முப்பத்தொரு வயது வரை மற்றவர்கள் எழுதித் தந்ததைப் பார்த்தெழுதி, ஒப்பித்து, தலையாட்டி வந்தவனிடம் நீயே கதை என்றால் அவன் எங்கே போவான்? நாடா சும்மா சுற்றியது. ரயில் ஒன்று போனது. அதுவும் பதிவாயிற்று.

பிறகு கதைத்தேன். என்ன ஒழுங்கில் என்று இப்போதும் தெரியாது. அந்த மனிதரை எனக்குத் தெரியாது என்றேன். முதல் கடிதம் மாமா, இரண்டாவது மதுரைக்காரர், கையெழுத்து மட்டும் நான் என்றேன். தட்டைக் கழிவு விலைப் பெட்டியில் வாங்கினேன் என்றேன். நாலாவது பாட்டில் தேத்தண்ணீர் ஆறிப்போகிறது, ஏன் என்று தெரியாது என்றேன். என் வேலை பற்றிச் சொன்னேன். நாற்பது வெள்ளையில் ஒன்றின் பெயர் 'பாற்கட்டி', அதற்கும் அடுத்ததற்கும் உள்ள வித்தியாசம் மத்தியானத்துக்குப் பிறகு எனக்கே தெரியாது, ஆனால் தெரிந்த மாதிரி முத்திரை குத்துவேன் என்றேன். இந்த நாட்டுக்கு ஏன் வந்தேன் என்றும் தெரியாது. விண்ணப்பத்தையும் மாமாதான் நிரப்பினார். உமக்கு ஊரில் எந்த இடம் நினைவு வரும், ஒப்பீசருக்குச் சொன்னதல்ல, உமக்கு, என்று கேட்டேன். கேட்டபோதுதான் கவனித்தேன், அவளிடம் நானாக ஒரு கேள்வி கேட்பது அதுதான் முதல்தரம். ஜன்னலுக்கு வெளியே, "முடிஞ்சுதா? ஷூவுக்குள்ள தண்ணி!" என்று மதுரைக்காரர் கத்தியதும் நாடாவில் விழுந்தது. அழிக்கவில்லை. அழிக்கத் தொடங்கினால் எல்லாவற்றையும் அழித்துவிடுவேன் என்று தெரியும்.

திங்கட்கிழமை காலை தபாலில் போட்டேன். போட்ட கையோடு தபால்பெட்டிக்குள் கைவிட்டு எடுக்க முடியுமா என்று பார்த்தேன். முடியவில்லை.

ஒரு மாதம் ஒன்றுமில்லை. ஐந்தாவது வாரம் மாமாவே ஏவன்டேலுக்கு வந்தார். தமையன் அவருக்கு எழுதியிருந்தான். அதற்குள் எனக்கென்று ஒட்டிய ஒரு சின்ன உறையும் இருந்தது. மாமா அதை உடைக்காமல் கொண்டு வந்திருந்தார். அதுவே என்னைப் பயப்படுத்தியது.

தமையனின் கடிதத்தை அவர் நின்றபடியே வாசித்தார். "தங்கைச்சிக்குச் சம்மதம். மேற்கொண்டு பேசுவோம்."

நானும் மதுரைக்காரரும் கடிதத்தை எட்டிப் பார்த்தோம்.

"இன்னொருக்கா வாசியுங்கோ மாமா."

வாசித்தார். அதே வசனம்தான்.

"ஏன் சம்மதமாம்?" என்று கேட்டேன்.

"எழுதேல்லை."

"ஏன்னு கேட்டு ஒரு லெட்டர் போடலாமா சார்?" என்றார் மதுரைக்காரர்.

மாமா அவர் பக்கம் திரும்பினார். "தம்பி, ஓம் எண்டு சொன்ன பொம்பிளையிட்டை ஏன் எண்டு கேக்கிற வழக்கம் எங்கட பகுதியிலை இல்லை. கேட்டவை ஒருத்தரும் கலியாணம் கட்டேல்லை."

சின்ன உறையை நான் குசினிக்குள் கொண்டுபோய்த் திறந்தேன். ஒரு பக்கம்தான். "பின்பக்கத்துக் கிணற்றடியில் துவைக்கிற கல். அதில் இருந்து படிப்பேன். அதுதான் நினைவு வரும். யாரும் இதுவரை கேட்கவில்லை. உங்கள் குரல் நல்லாயில்லை. மழைக்குள் நின்ற மனிதர் யார்? அவருக்குத் தடிமன் பிடித்ததா?"

பதில் எழுத உட்கார்ந்தேன். முன்னறையில் மாமா, "மருமோன், எப்பிடித் தொடங்கவேணும் எண்டால்..." என்றார். "முதல்ல ஒரு கவிதை போடணும் சார்" என்றார் மற்றவர். கதவைச் சாத்தினேன். அவளை என்னவென்று விளிப்பது என்று ஒரு மணித்தியாலம் யோசித்து, கடைசியில் விளிக்காமலே தொடங்கினேன். அவருக்குத் தடிமன் பிடித்தது, இரண்டு கிழமை வேலைக்குப் போகவில்லை, என்னைத் திட்டிக்கொண்டே இருக்கிறார். இந்த வீட்டுச் சுவருக்குள் காற்றுப் போகும். இங்கே குளிர்காலமான யூலை, ஓகஸ்டில் உள்ளேயே மூச்சுப் புகையாகும். வரும்போது இரண்டு கம்பளிச் சட்டை கொண்டு வாரும். உமக்கு ஏன் சம்மதம் என்று எனக்கு விளங்கவில்லை, ஆனால் வாரும்.

மொத்தம் ஒன்பது வரி. அவள் இங்கே வந்த முதல் கிழமையே அந்தக் கடிதத்தைப் பெட்டிக்குள்ளிருந்து எடுத்துக் காட்டி, அதில் ஐந்து எழுத்துப் பிழை இருக்கிறது என்றாள்.